முகூர்த்தத்துக்கு முந்தின ராத்திரி

காலை ஆறு முதல் ஏழரை முகூர்த்தம் என்றால், ஐந்து மணிக்கெல்லாம் மணப்பெண் ஜடையோடு தயாராக இருக்க வேண்டும். அந்த ஜடையில் இருக்கும் மல்லிகை மொட்டோ முந்தின நாள் விடியலுக்கு முன்பே செடியை விட்டு வந்துவிட்டது. அன்று சாயங்காலமே மலர்ந்துவிடுவது அதன் குணம். மலர்ந்துவிட்டால் ஜடைக்கு ஆகாது. வரிசை கலையும், இதழ் ஓரம் பழுக்கும், தாலி கட்டுவதற்குள் பாதிப் பூ தரையில் கிடக்கும். ஆகவே பூ ஜடைத் தொழிலில் தைப்பது பாதி வேலைதான். தைத்ததை ஒரு முழு ராத்திரி மொட்டாகவே காப்பாற்றுவது மீதிப் பாதி. கல்யாண வீட்டில் யார் கண்ணிலும் படாத அந்த மீதிப் பாதியைப் பார்ப்பதற்காக, வைகாசி முகூர்த்தம் ஒன்றுக்கு முந்தின நாள் மதுரை செல்லூரில் ஜடை தைக்கும் ஓர் அக்காவுடன் இருந்தேன்.

அவருடைய நாள் மாட்டுத்தாவணி பூ மார்க்கெட்டில் தொடங்குகிறது. பூ வாங்க அவர் யாரையும் அனுப்புவதில்லை. சாக்கில் குவிந்திருந்த மல்லிகையில் கையை உள்ளே விட்டு, அடியிலிருந்து ஒரு பிடி அள்ளிப் பார்த்தார். மேலாகக் கிடக்கும் பூ எப்போதும் நன்றாகத்தான் இருக்கும், அடிப் பூவில் சூடு ஏறியிருக்கிறதா என்பதைக் கைதான் சொல்லும் என்றார். பறித்த பிறகும் பூ சுவாசித்துக்கொண்டே இருக்கிறது. குவித்து வைத்தால் அந்தச் சுவாசத்திலேயே உள்ளுக்குள் சூடாகிவிடும். மதுரை மல்லிக்கு இதழ் தடிமன், காம்பு நீளம். மற்ற மல்லிகையைவிடக் கூடுதல் நேரம் வாடாமல் நிற்பதற்கும் தொடுக்க வசதியாக இருப்பதற்கும் இதுவே காரணம். 2013இல் அதற்குப் புவிசார் குறியீடு கிடைத்தது. ஆனால் மதுரை மல்லியிலும் எல்லா மொட்டும் ஜடைக்கு ஆகாது.

வீட்டுக்கு வந்ததும் அக்காவும் மருமகளும் பூவைத் துணியில் பரப்பிப் பிரித்தார்கள். நுனி பருத்து, வெள்ளை ஏறி, சாயங்காலம் வெடிக்கத் தயாராக இருந்த மொட்டுகள் ஒரு பக்கம். அவை வரவேற்புக்குச் சரமாகப் போகும். சற்றே ஒல்லியாக, அடியில் பச்சை மாறாத இளமொட்டுகள் இன்னொரு பக்கம். ஜடைக்கு அவைதான்.

“இது இன்னைக்கு வெடிக்கிற மொட்டு, இது நாளைக்கு வெடிக்கிற மொட்டு. ரெண்டையும் கலந்து தைச்சா காலையில ஜடை அம்மை போட்ட மாதிரி இருக்கும், தங்கச்சி” என்றார் அக்கா.

இரண்டையும் உள்ளங்கையில் வைத்துக் காட்டினார். முதலில் எனக்கு வேறுபாடே தெரியவில்லை. வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தபோதுதான் இளமொட்டின் இதழ்கள் ஒன்றன்மேல் ஒன்று இறுக முறுக்கிக் கிடந்தது புலப்பட்டது. மற்றதில் அந்த முறுக்கு லேசாக நெகிழ்ந்திருந்தது. மருமகள் பேசிக்கொண்டே, மொட்டைப் பார்க்காமலேயே பிரித்துக்கொண்டிருந்தார்.

ஜடைக்கு அளவு ஒரு கயிறு. மணப்பெண்ணின் உச்சியிலிருந்து இடுப்புக்குக் கீழ்வரை அளந்து, ராக்கொடி வரும் இடத்தில் ஒரு முடிச்சு, பின்னல் ஒடுங்கும் இடத்தில் ஒரு முடிச்சு, குஞ்சலம் தொடங்கும் இடத்தில் ஒன்று. அந்த அளவுக்கு வாழைப்பட்டையை நறுக்கி, மேலே துணி வைத்துத் தைத்துக்கொள்கிறார். பட்டையில் ஈரம் இருப்பதால் அடியிலிருந்து பூவுக்குக் குளிர்ச்சி கிடைக்கும் என்பது அவர் கணக்கு. அட்டையில் தைத்தால் வேலை சீக்கிரம் முடியும், ஆனால் அட்டை பூவின் ஈரத்தைக் குடித்துவிடும் என்கிறார். மொட்டுகளைச் சாய்வாக, ஒரு வரிசையின் காம்பை அடுத்த வரிசையின் தலை மறைக்கும்படி அடுக்கித் தைக்கிறார்கள். நடுவில் கனகாம்பரம், ஓரத்தில் மரிக்கொழுந்து. கனகாம்பரத்துக்கு மணம் கிடையாது. மல்லிகையைவிட அதிக நேரம் நிறம் மாறாமல் நிற்கும்.

அந்த நேரம் முழுக்க ஒரு விரலும் இதழில் படவில்லை. எல்லாம் காம்பைப் பிடித்துத்தான். மல்லிகை இதழை அழுத்தினால் அந்த இடத்தில் பழுப்பு ஏறுவதற்கு அதிக நேரம் ஆகாது. வேடிக்கை பார்க்க வந்த பேரன் ஒரு வரிசையைத் தடவிப் பார்த்துவிட்டான். அக்கா அவனைத் திட்டவில்லை. அந்த வரிசையை அப்படியே பிரித்து, பூவை மாற்றித் தைத்தார்.

முடியிலேயே நேராக ஏன் தைப்பதில்லை என்று கேட்டேன். முன்பெல்லாம் அப்படித்தானாம். பெண்ணை உட்காரவைத்துப் பின்னி, பின்னல் மேலேயே ஊசி நூலால் மொட்டைத் தைப்பார்கள். இரண்டு மூன்று மணி நேரம் அசையாமல் உட்கார வேண்டும். சடங்கான பெண்ணுக்குத் தாழம்பூ ஜடை தைத்து, ஸ்டூடியோவுக்கு அழைத்துப்போய், பின்னால் கண்ணாடி வைத்து ஜடையும் முகமும் ஒன்றாகத் தெரியப் படம் எடுத்த காலம் அது. அப்படி ஒரு படம் மாட்டாத வீடு அன்று எங்கள் பக்கத்தில் குறைவு. “எனக்குச் சடங்கு முடிஞ்ச ராத்திரி ஜடையக் கழட்ட மாட்டேன்னு ஒரே அழுகை. குப்புறப் படுத்தே தூங்கினேன். காலையில கழுத்தத் திருப்ப முடியல” என்றார் அக்கா.

கியோட்டோ நகரத்து மைகோப் பெண்களைப் பற்றி அவரிடம் சொன்னேன். நடனமும் இசையும் பயிலும் அந்த இளம்பெண்களுக்குச் சொந்த முடியிலேயே மெழுகுத் தைலம் தடவிக் கொண்டை கட்டுவார்கள். ஏறக்குறைய ஒரு வாரம் அது கலையக் கூடாது என்பதால், கழுத்துக்கு மட்டும் முட்டுக்கொடுக்கும் உயரமான கட்டைத் தலையணையில் தூங்குகிறார்கள். வருடக்கணக்கில் இழுபட்டு உச்சியில் முடி உதிர்ந்து போகிறவர்களும் உண்டு. அக்கா ஊசியை நிறுத்திவிட்டுக் கேட்டார். “பாவம், அந்தப் பிள்ளைக கழுத்து என்னத்துக்கு ஆகும்? நம்ம பொண்ணு நிம்மதியாத் தூங்கட்டும்மா. முழிச்சிருக்கத்தான் நாம இருக்கோம்ல.”

நம் கல்யாணங்களில் தலையில் ஜடையோடு தூங்கவும் வழியில்லை. வரவேற்பு அலங்காரத்தை ராத்திரி கலைத்தாக வேண்டும். விடியலில் எண்ணெய் வைத்து மங்கள ஸ்நானம் செய்யும் குடும்பங்களில் முடி மறுபடி முழுக்க நனையும். சாம்பிராணிப் புகையில் உலர்த்திப் பின்ன வேண்டும். அதனால்தான் தனியாகத் தைத்து, தனியாகப் பாதுகாத்து, கடைசி அரைமணியில் பின்னலோடு கட்டும் ஜடை வந்தது.

ராத்திரி ஒன்பதரைக்கு மேல் தைப்பது முடிந்தது. இனிமேல்தான் நான் பார்க்க வந்த வேலை. வாழை இலையின் நடுநரம்பைச் சீவி, அனலில் லேசாக வாட்டி வைத்திருந்தார்கள். வாட்டாத இலை மடித்தால் கிழியும். மல்துணியை நனைத்து, ஒரு சொட்டுக்கூட விழாத அளவுக்கு முறுக்கிப் பிழிந்தார் மருமகள். அக்கா அதை வாங்கி இன்னொரு முறை பிழிந்தார். பூவுக்குத் தண்ணீர் தெளித்தால் நல்லது என்று நினைப்போம். மொட்டின் மேல் நிற்கும் ஒரு சொட்டு, காலையில் ஒரு பழுப்புப் புள்ளி. ஈரம் காற்றில்தான் இருக்க வேண்டும், பூவின் மேல் அல்ல. ஜடையை மடக்காமல் நீட்டமாக வைத்து, துணி, அதற்கு மேல் இலை என்று சுற்றி, தெர்மகோல் பெட்டிக்குள் இறக்கினார்கள். அடியில் பிளாஸ்டிக் பைகளில் கட்டிய ஐஸ், அதன் மேல் செய்தித்தாள் மெத்தை. ஐஸ் நேராகப் பட்டால் பூ கருகிவிடும்; பிரிட்ஜின் ஐஸ் பெட்டியிலும் அதே கதிதான்.

அத்தோடு மூடிவிட்டுப் படுக்க முடியாது. உள்ளே வியர்த்து, மூடியில் கோத்த நீர் சொட்டும். மணிக்கொரு தரம் திறந்து மூடியைத் துடைக்க வேண்டும், உருகிய ஐஸை மாற்ற வேண்டும். மாமியாரும் மருமகளும் முறை வைத்து விழித்திருந்தார்கள். இரண்டு மணி வாக்கில் மின்சாரம் போனது. மருமகள் செல்போன் வெளிச்சத்தில் பெட்டியைத் திறந்து இலையைப் பிரித்தார். உள்ளே ஒரு மொட்டும் வாய் திறக்கவில்லை. அந்த மணம் சின்ன அறை முழுக்க நிறைந்தது. இந்த வேலையைச் சும்மா ‘பூக்கட்டுவது’ என்று சொல்லிவிடுகிறோமே என்று எனக்கு வருத்தமாக இருந்தது.

மூன்றரைக்கு ஆட்டோ. மண்டபத்தில் பெண்ணின் முடியில் வரவேற்புக்கு அடித்த ஸ்ப்ரே இன்னும் மொடமொடவென்று நின்றது. அக்கா சீப்பை நுனியிலிருந்து தொடங்கி மெல்ல மேலே ஏற்றினார். சவுரி சேர்த்துப் பின்னி, ஜடையை வைத்து, உச்சி முதல் நுனி வரை இடம் இடமாகக் கறுப்பு நூலால் கட்டி, குஞ்சலம் தொங்கவிட்டார். பெண் மேடையேறியபோது நாங்கள் மண்டபத்தின் பின்வாசலில் இருந்தோம். கூலி அழகுக்கலை நிபுணர் மூலமாகத்தான் வர வேண்டும். மணப்பெண் அலங்காரத்துக்கு மொத்தமாகப் பேசிய தொகையில் ஜடைக்கு எவ்வளவு என்பது கல்யாண வீட்டுக்கும் தெரியாது, அக்காவுக்கும் தெரியாது.

இதில் எனக்கு உடன்பாடே இல்லை. மல்லிகை விலை மழைக்கும் பனிக்கும் ஏற்றபடி ஆடுவது. வெயில் காலத்தில் வரத்து பெருகிச் சில நூறு ரூபாய்க்கு இறங்கும் கிலோ, தை மாதப் பனியில் ஆயிரக்கணக்கில் ஏறிவிடும். ஜடைக்கு விலை பேசுவதோ ஒரு மாதம் முன்பே. பூ விலை ஏறினால் அந்த ஏற்றம் தைப்பவரின் கூலியிலிருந்துதான் போகிறது. விழித்திருந்த ராத்திரிக்கு எந்தக் கணக்கிலும் இடமில்லை. பலர் துணிப் பூ, பிளாஸ்டிக் பூ ஜடைகளை வாடகைக்கு விடும் தொழிலுக்கு மாறிவிட்டார்கள். அதற்கு ஐஸும் வேண்டாம், கண்விழிப்பும் வேண்டாம். அவர்களைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

உங்கள் வீட்டுக் கல்யாணத்துக்குப் பூ ஜடை சொல்லும்போது தைப்பவரிடம் நேராகப் பேசுங்கள். பூவுக்கு அன்றைய மார்க்கெட் விலை, தையலுக்குக் கூலி, ராத்திரிக் காவலுக்குக் கூலி என்று மூன்றாகப் பிரித்துக் கொடுங்கள். வண்டி வாடகையையும் நீங்களே ஏற்றுக்கொள்ளுங்கள். முதல் பந்தியில் அவர்களுக்கும் இலை போடச் சொல்லுங்கள்.