பாசலில் இருக்கும் தம்பிக்கு

விளாங்குடி, மதுரை
பங்குனி கடைசி ஞாயிறு

அன்புத் தம்பிக்கு,

அக்கா எழுதுவது. அம்மாவுக்கு இடது கண்ணிலும் ஆபரேஷன் முடிந்துவிட்டது. சொட்டு மருந்தை நான்தான் நேரம் பார்த்து விடுகிறேன். சித்திரைத் திருவிழாவுக்கு நீ வருகிறாய் என்று தெரிந்ததிலிருந்து உன் அறையை ஒருநாள் விட்டு ஒருநாள் துடைக்கச் சொல்கிறாள்.

கல்லூரியில் பேசப்போகும் குறிப்பை அனுப்பியிருந்தாயே, மருந்துக் கடையை மூடியபின் உட்கார்ந்து முழுவதும் படித்தேன். நீ படித்த இடத்திலேயே நீ பேசப்போவது எனக்கு எவ்வளவு பெருமை என்று தனியாகச் சொல்ல வேண்டாம். ஆனால், இந்தியா காப்புரிமையை மதிக்காததால்தான் இங்கே கண்டுபிடிப்பும் வளரவில்லை, பொருளாதாரமும் வளரவில்லை என்று இரண்டாம் பக்கத்தில் எழுதியிருக்கிறாய். அதை அப்படியே அந்தப் பிள்ளைகள் முன்னால் வைத்துவிடாதே. போனில் பேசினால் இரண்டு பேருக்கும் குரல் ஏறிவிடும் என்றுதான் எழுதுகிறேன்.

நீ இருக்கிற ஊரையே எடுத்துக்கொள். சுவிட்சர்லாந்துக்குக் காப்புரிமைச் சட்டம் வந்ததே 1888-ல்தான். அதுவும் மாதிரி செய்து காட்டக்கூடிய பொருட்களுக்கு மட்டும். சாயம், மருந்து போன்ற வேதிப்பொருட்கள் அதில் சேரவில்லை. சீபாவும் கைகியும் சாண்டோசும் ரைன் நதிக்கரையில் சாயக் கம்பெனிகளாகக் காலூன்றியது அந்தக் காலத்தில். பக்கத்து நாட்டில் காப்புரிமை பெற்ற சாயத்தை பாசலில் யார் வேண்டுமானாலும் காய்ச்சலாம், கேட்பாரில்லை. ஜெர்மனி வரி போடுவோம் என்று நெருக்கிய பிறகு, 1907-ல் வேதிப்பொருளின் செய்முறைக்குக் காப்புரிமை கொடுத்தார்கள். மருந்து என்ற பொருளுக்கே காப்புரிமை கொடுக்க அவர்களுக்கு 1977 வரை ஆனது. இத்தாலியில் 1978. அதற்குள் அந்தக் கம்பெனிகள் உலகத்துக்கே மருந்து விற்கிற அளவுக்கு வளர்ந்துவிட்டன. நீ தினமும் வேலைக்குப் போகிற அந்த ஊரின் செல்வம் இப்படித் தொடங்கியதுதான். இதை நான் குறையாகச் சொல்லவில்லை. தன் தொழில் நிமிர்ந்து நிற்கும் வரை எந்த நாடும் இதைத்தான் செய்யும், செய்யவும் வேண்டும்.

நாமும் அதைத்தான் செய்தோம். நமக்கு முன்பு இருந்தது 1911-ல் வெள்ளைக்காரன் போட்ட சட்டம். சுதந்திரத்துக்குப் பிறகு அதைத் திருத்துவது பற்றி ஆராயச் சொல்லி நம் சென்னை உயர் நீதிமன்ற நீதிபதி என். ராஜகோபால அய்யங்காரிடம் அரசு கேட்டது. 1959-ல் அவர் கொடுத்த அறிக்கையை நீ படித்ததில்லை என்றால் கட்டாயம் படி. இந்தியாவில் இருந்த காப்புரிமைகளில் மிகப் பெரும்பகுதி வெளிநாட்டாருடையது, அவற்றிலும் பெரும்பாலானவற்றை வைத்து இங்கே ஒரு தொழிற்சாலைகூட நடக்கவில்லை, இறக்குமதிச் சரக்குக்குப் போட்டி வராமல் பார்த்துக்கொள்ளவே அவை பயன்பட்டன என்று அவர் காட்டினார். மருந்து விலையில் இந்தியா உலகத்திலேயே மிக உயர்ந்த நிலையில் இருந்ததை அமெரிக்க செனட் குழுவே அப்போது குறிப்பிட்டது. ஏழை நாட்டில் பணக்கார விலை!

அந்த அறிக்கையின் பலன்தான் 1970 சட்டம். 1972 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்தது. மருந்துக்கும் உணவுக்கும் செய்முறைக் காப்புரிமை மட்டுமே, அதுவும் அதிகபட்சம் 7 வருடம். இதைத் திருட்டுக்குத் திறந்த கதவு என்று உன் குறிப்பு சொல்கிறது. நீ கெமிஸ்ட்ரி படித்தவன், நீயே யோசித்துப் பார். ஒரு மூலக்கூறை வேறு வழியில் செய்ய வேண்டும் என்றால் என்ன வேண்டும்? எந்தக் கரைப்பான், எந்த வெப்பம், எந்த இடைப்பொருள் மலிவு, எந்தப் படியைத் தவிர்க்கலாம் என்று இரவு பகலாக மண்டையை உடைக்க வேண்டும். ஹைதராபாத்தில் அரசு நடத்திய ஐ.டி.பி.எல். தொழிற்சாலையில் அப்படிக் கற்ற தலைமுறை வெளியே வந்து கம்பெனி தொடங்கியது. டாக்டர் ரெட்டீஸை 1984-ல் தொடங்கிய அஞ்சி ரெட்டியும் அங்கே வேலை பார்த்தவர்தான். 2001-ல் ஆப்பிரிக்காவுக்கு எய்ட்ஸ் மருந்தை ஒரு நோயாளிக்கு வருடம் 350 டாலருக்குத் தருகிறோம் என்று சிப்லா சொன்னபோது, பணக்கார நாடுகளில் அதற்கு 10,000 டாலருக்கு மேல் ஆகிக்கொண்டிருந்தது. அந்த 350 டாலருக்குப் பின்னால் இருந்தது முப்பது வருடச் செய்முறை அறிவு. அது கண்டுபிடிப்பு இல்லையா?

உன் பக்கத்து நியாயமும் எனக்குத் தெரியும். நம்மவர்கள் புதிய மூலக்கூறு கண்டுபிடித்தது மிகக் குறைவு. ரெட்டீஸ் 1997-ல் தன் நீரிழிவு மூலக்கூறை டென்மார்க்கின் நோவோ நார்டிஸ்க்குக்கு உரிமம் கொடுத்தபோது பெரிய நம்பிக்கை பிறந்தது, அது மருந்தாக வராமலே போயிற்று. மூலப்பொருளுக்குச் சீனாவை நம்பி நிற்கிறோம். ஆனால் 2005-ல் மருந்துப் பொருளுக்கே காப்புரிமை கொடுக்கத் தொடங்கி இத்தனை வருடமாகியும் இந்தக் குறை தீரவில்லையே! ஆய்வுக்கூடத்துக்குப் பணம், பல்கலைக்கழகத்தில் நல்ல வாத்தியார், பத்து வருடம் நஷ்டத்தைப் பொறுக்கும் முதலாளி, இவை இல்லாத இடத்தில் சான்றிதழ் மட்டும் மூலக்கூறைக் கொண்டுவராது.

2005 திருத்தத்தில் 3(டி) பிரிவை மாற்றி எழுதினார்களே, அது நம் பாராளுமன்றம் செய்த மிக நல்ல காரியங்களில் ஒன்று என்று நான் நினைக்கிறேன். ஏற்கெனவே தெரிந்த மருந்தின் புது உருவத்துக்குக் காப்புரிமை வேண்டுமென்றால் அதன் குணப்படுத்தும் திறன் கூடியிருக்க வேண்டும். அவ்வளவுதான். நோவார்டிஸின் ரத்தப் புற்றுநோய் மருந்தான கிளிவெக் பற்றிய வழக்கு இதில்தான் வந்தது. (உன் கம்பெனி அதுவல்ல என்பதால் தாராளமாகவே எழுதுகிறேன்.) கிளிவெக்கில் இருக்கும் இமாடினிப் அருமையான மருந்து, அதைக் கண்டுபிடித்தவர்களைக் கையெடுத்துக் கும்பிடலாம். ஆனால் இங்கே 1998-ல் விண்ணப்பித்தது அதன் உப்பின் ஒரு படிக வடிவத்துக்கு. சென்னை காப்புரிமை அலுவலகம் 2006 ஜனவரியில் நிராகரித்தது. சட்டப் பிரிவே செல்லாது என்று கம்பெனி போட்ட வழக்கை 2007-ல் சென்னை உயர் நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. 2013 ஏப்ரல் 1-ல் உச்ச நீதிமன்றமும் காப்புரிமை இல்லை என்றது. மாதம் சுமார் 1,20,000 ரூபாய் ஆகிற மருந்தை, நம் கம்பெனிகள் 10,000 ரூபாய்க்குள் கொடுத்துக்கொண்டிருந்த நேரம் அது.

கடையில் நிற்பவளுக்கு இந்த எண்கள் வெறும் எண்கள் இல்லை. பரவை மார்க்கெட்டில் மூட்டை தூக்குகிற ஒருவர் தன் மனைவிக்கு அந்த மாத்திரைதான் வாங்குகிறார். மாதச் சம்பளம் கிடையாது, அன்றாடக் கூலி. "பத்து நாளைக்கு மட்டும் கொடுங்கக்கா" என்பார். அட்டையை எண்ணி, மடங்காமல் உறையில் போட்டுக் கொடுப்பேன். பாக்கியை மீண்டும் கூலி வந்ததும் வாங்குவார். அந்த அம்மாள் வருடக்கணக்காக நன்றாக இருக்கிறார், தெருவில் தண்ணீர் பிடிக்க வருகிறார். லட்சத்தில் விலை இருந்திருந்தால் அவர் கணவர் என் கடைப்படியே ஏறியிருக்க மாட்டார்.

அந்த 2007 தீர்ப்பின் அமர்வில் இருந்த நீதிபதி பிரபா ஸ்ரீதேவன் பிறகு அறிவுசார் சொத்துரிமை மேல்முறையீட்டு வாரியத்தின் தலைவரானார். பேயர் கம்பெனி மாதம் 2,80,000 ரூபாய்க்கு விற்ற புற்றுநோய் மருந்தை இந்தியக் கம்பெனி நாட்கோ 8,800 ரூபாய்க்கு விற்கலாம் என்று காப்புரிமை அலுவலகம் கொடுத்த கட்டாய உரிமத்தை 2013-ல் உறுதிசெய்தார். பேயருக்கு ராயல்டி உண்டு, அதை 6 சதவீதத்திலிருந்து 7 ஆகவும் உயர்த்தினார். காப்புரிமையைக் காலில் போட்டு மிதித்தால் ராயல்டி எதற்கு? இதைப் பிள்ளைகளுக்குச் சொல்.

இன்னொன்றையும் சொல். காசநோய்க்கான பெடாகுலின் மருந்தின் காப்புரிமைக் காலத்தை நீட்டக் கேட்ட விண்ணப்பத்தை எதிர்த்தவர்கள் இரண்டு பெண்கள், மும்பையின் நந்திதா வெங்கடேசனும் தென்னாப்பிரிக்காவின் புமேசா டிசிலேயும். பழைய காசநோய் ஊசியால் கேட்கும் திறனை இழந்தவர்கள். 2023 மார்ச்சில் நம் காப்புரிமை அலுவலகம் அவர்கள் பக்கம் தீர்ப்புச் சொன்னது. இங்கே தோப்பூர் காசநோய் ஆஸ்பத்திரியில் படுத்திருக்கிறவர்களுக்கும் சேர்த்துத்தான் அந்தப் பெண்கள் வாதாடினார்கள்.

நம் ஊரிலேயே இருக்கிறது இன்னொரு பாடம். அம்மாவின் கண்ணுக்குள் வைத்த லென்ஸ் அரவிந்த் கண் மருத்துவமனையின் ஆரோலேப் செய்தது. டாக்டர் ஜி. வெங்கடசாமி 1976-ல் 11 படுக்கையோடு அரவிந்தைத் தொடங்கியது உனக்குத் தெரியும். வெளிநாட்டு லென்ஸ் அப்போது 100 டாலர் விலையில் விற்றதால் ஏழைக்குக் கண்புரை எடுத்துவிட்டுத் தடிமனான கண்ணாடி போட்டு அனுப்பினார்கள், நம் தாத்தாவைப்போல. 1992-ல் டேவிட் கிரீன் என்ற அமெரிக்கரின் துணையோடு தொழில்நுட்பத்தை முறையாகப் பெற்று இங்கேயே செய்யத் தொடங்கி, 10 டாலர் அளவுக்குக் கொண்டுவந்தார்கள். இன்று நூற்றுக்கும் மேற்பட்ட நாடுகளுக்குப் போகிறது. சுற்றுக் கிராமத்துப் பெண்பிள்ளைகள் நூற்றுக்கணக்கில் அங்கே வேலை பார்க்கிறார்கள். தொழில்நுட்பம் கைக்கு வந்தால் ஒரு ஊர் என்ன செய்யும் என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் பிள்ளைகளுக்கு எங்கே கிடைக்கும்?

உன் பெயரில் இருக்கும் காப்புரிமைச் சான்றிதழின் நகலை மாமா கடையில் சட்டம் போட்டு மாட்டியிருக்கிறார். வருகிறவர்களிடமெல்லாம் காட்டுகிறார். புதிதாகக் கண்டுபிடித்தவனுக்குப் பலன் போய்ச்சேர வேண்டும் என்பதில் எனக்கு எந்தச் சந்தேகமும் இல்லை. எவ்வளவு காலம், எதற்கெல்லாம் என்பதை அந்தந்த நாடு தன் நிலைமையைப் பார்த்து முடிவுசெய்யட்டும் என்கிறேன். பாசல் முடிவுசெய்தது. விளாங்குடிக்கு அந்த உரிமை கூடாதா?

அதனால் இரண்டாம் பக்கத்தைத் திருத்து. 1907-ம் 1977-ம் உள்ளே வரட்டும், அய்யங்கார் பெயரும் வரட்டும். திருத்தியதை அனுப்பு, படித்துவிட்டு எழுதுகிறேன். கூட்டத்தன்று கடையை மதியமே மூடிவிட்டு நானும் வந்து முன்வரிசையில் உட்காருவேன். டிக்கெட் விவரத்தை மாமாவுக்கு அனுப்பிவிடு, விமான நிலையத்துக்கு அவர்தான் வருகிறார்.

அன்புடன்,
அக்கா