முன்ஜாமீன் கேட்டு வந்த தாய்



'முன்ஜாமீன்' என்ற சொல் நம் வீடுகளில் தண்ணீர் பட்ட பாடாகிவிட்டது. தமிழ்நாட்டுச் செய்தியில் கேட்கிறோம், படத்தில் பார்க்கிறோம். போலீஸ் வருமுன்பே நீதிமன்றத்தில் ஒரு தாள் வாங்கிச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டால் யாரும் தொட முடியாது என்று நம்மில் பலர் எண்ணியிருக்கிறோம். இந்த எண்ணம் ஒரு தாயின் தாலிச் சங்கிலியை அடகுக் கடை வாசல்வரை கொண்டுபோனதைச் சென்ற ஆண்டிறுதிப் பள்ளி விடுமுறையில், சிங்கப்பூர் கேலாங்கில் பார்த்தேன்.

கேலாங்கில் என் அக்காள் குடும்பம் இருக்கிறது. எங்கள் ஜொகூர்த் தோட்டத்துப் பள்ளியில் என்னிடம் படித்த பையன் ஒருவனும் அங்கே அறை எடுத்துத் தங்கிக் கிடங்கில் வேலை செய்கிறான். "உன் வங்கிக் கார்டையும் இரகசிய எண்ணையும் கொடு, மாதம் 500 வெள்ளி தருகிறேன்" என்று ஒரு கூட்டாளி கேட்க, கொடுத்துவிட்டான். யாரோ ஏமாந்த பணம் அந்தக் கணக்கு வழியாக ஓடியிருக்கிறது. விசாரணைக்கு வரும்படி போலீஸ் அழைத்துவிட்டது.

தாய் பஸ் ஏறி ஓடி வந்தார்.

"வாத்தியாரே, 3000 வெள்ளி கொடுத்தா முன்ஜாமீன் எடுத்துத் தரேன்னு ஒருத்தர் சொல்றாரு. சங்கிலிய வச்சிடவா?"

"அவர் வக்கீலாக்கா? ரசீது தருவாரா?"

"வக்கீலுக்கு வேண்டியவராம்."

மறுநாள் உண்மையான வழக்குரைஞர் ஒருவரைப் பார்த்தோம். சிங்கப்பூர்ச் சட்டத்தில் முன்ஜாமீனே இல்லை என்று ஒரே வரியில் முடித்துவிட்டார். நம் மலேசியச் சட்டத்திலும் அப்படியொரு பிரிவு கிடையாது. மூன்று நாடுகளின் குற்ற நடைமுறைச் சட்டமும் வெள்ளைக்காரன் காலத்து ஒரே வேரிலிருந்து வந்ததுதான். அந்தப் பழைய சட்டத்தில் முன்ஜாமீன் இருந்ததில்லை. இந்தியாதான் பிறகு சேர்த்துக்கொண்டது. 1969-இல் சட்ட ஆணையம் பரிந்துரைத்தது. 1974 ஏப்ரல் முதல் 438-ஆம் பிரிவாக நடைமுறைக்கு வந்தது. 2024 ஜூலை முதல் புதிய சட்டத்தில் அது 482-ஆம் பிரிவு. இலங்கை 1997-இல் சேர்த்தது.

அந்த இந்தியாவிலும் பண வழக்கில் அது எளிதில் கிடைப்பதில்லை. முன்னாள் நிதியமைச்சர் ப. சிதம்பரத்தைப் பாருங்கள். தம்மீதான குற்றச்சாட்டை அவர் மறுத்தார். பெரிய வழக்குரைஞர்களும் அவருக்காக வாதாடினார்கள். ஆனாலும் 2019 ஆகஸ்டு 20-இல் டில்லி உயர் நீதிமன்றம் முன்ஜாமீன் மறுத்தது. மறுநாள் இரவே கைதானார். செப்டம்பர் 5-இல் உச்ச நீதிமன்றமும் மறுத்தது. பொருளாதாரக் குற்றங்கள் தனி வகையைச் சேர்ந்தவை என்று அந்தத் தீர்ப்பில் எழுதியவர், தமிழ்நாட்டு நீதிபதி ஆர். பானுமதி. டிசம்பரில்தான் அவர் வெளியே வந்தார். அவருக்கே கிடைக்காததை 3000 வெள்ளிக்கு யார் தருவார்?

சரி, சிங்கப்பூரில் என்னதான் வழி? கைதானவரை 48 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்தவேண்டும். போலீசே பிணையில் விடலாம், நீதிமன்றமும் விடலாம். ஓடிவிடுவார் என்று தோன்றினால் விடமாட்டார்கள். 2023 ஆகஸ்டில் கைதான பத்து வெளிநாட்டவர் வழக்கு நினைவிருக்கும். கைப்பற்றியதும் முடக்கியதுமான சொத்து 300 கோடி வெள்ளிக்கு மேல். பிணை கேட்டவர்களுக்கு மறுக்கப்பட்டது.

நம்மவர்களுக்கு இன்னொரு முடிச்சு இருக்கிறது. பிணை நிற்பவர் 21 வயதான சிங்கப்பூர்க் குடிமகனாகவோ நிரந்தரவாசியாகவோ இருக்கவேண்டுமாம். தோட்டத்திலிருந்து அப்பா போய்க் கையெழுத்துப் போட முடியாது. பையன் ஓடிப்போனால் பிணைத்தொகை பறிபோகும்.

"பாலத்தைத் தாண்டி வீட்டுக்கு வந்துடட்டுமே" என்றார் தாய். வழக்குரைஞர் தலையை அசைத்தார். அழைத்த நாளில் போகவேண்டும், கூட்டாளி அனுப்பிய செய்திகளை அழிக்காமல் கொண்டுபோகவேண்டும், நடந்ததை மட்டும் சொல்லவேண்டும் என்றார்.

அப்படியே திங்கட்கிழமை போனான். கடப்பிதழை வாங்கி வைத்துக்கொண்டார்கள். பிணைத்தொகை 10,000 வெள்ளி. யார் நிற்பது? என் அக்காள் கணவர் சிங்கப்பூர்க் குடிமகன். பையனை இரண்டு முறைதான் பார்த்திருக்கிறார். தாய் அவர் காலில் விழப் போனார். அத்தான் பதறி விலகி, கையெழுத்துப் போட்டார். அன்றிரவு அக்காள் எங்கள் இருவரிடமும் பேசவில்லை. நான் ஊர் திரும்பும்போதும் விசாரணை முடிந்திருக்கவில்லை.