பந்து சோறு போடுமா?

தோழர்களே, இது நாங்கள் செய்த ஒரு தவறைப் பற்றிய பதிவு. இதே தவறை நீங்களும் செய்துகொண்டிருக்கலாம் என்பதால் எழுதுகிறோம்.

எங்கள் மாலைநேரப் படிப்பகம் தூத்துக்குடியில், உப்பளங்களை ஒட்டிய ஒரு காலனியில் நடக்கிறது. தகரக் கூரை, அண்ணல் படம், இரண்டு டியூப் லைட். நாங்கள் ஆறேழு பேர் முறை வைத்துப் பாடம் எடுக்கிறோம். சில ஆண்டுகளுக்கு முன்பு பத்தாம் வகுப்புப் படிக்கும் பிள்ளை ஒருத்தி அங்கே வந்துகொண்டிருந்தாள். நல்ல உயரம். பள்ளியின் கூடைப்பந்து அணியில் ஆடினாள். பயிற்சி முடித்து அவள் வந்து சேர ஏழு மணி ஆகிவிடும். அதற்குள் பாதிப் பாடம் முடிந்திருக்கும்.

ஒருநாள் அவளுடைய அம்மா வந்தார். உப்பள வேலை முடிந்து நேராக வந்திருந்தார். காலில் உப்பு காய்ந்து வெள்ளையாக இருந்தது. வாசலில் நின்றபடியே கேட்டார்: “தம்பி, நீங்க படிச்சவங்க. இந்தப் பந்து எம்பிள்ளைக்குச் சோறு போடுமாய்யா?”

நாங்கள் யோசிக்கவே இல்லை. “போடாதுக்கா. இந்த வருசம் பப்ளிக் பரீட்சை. விளையாட்ட விடச் சொல்லுங்க” என்றோம். அடுத்த வாரம் மாவட்ட அணிக்கான தேர்வு நடந்தது. அவள் போகவில்லை.

இரண்டு ஆண்டுகள் கழித்துக் கல்லூரி விண்ணப்பம் நிரப்ப எங்களிடம் வந்தாள். விண்ணப்பத்தில் விளையாட்டு ஒதுக்கீட்டுக்கு ஒரு கட்டம் இருந்தது. “சர்டிபிகேட் எதுவும் வச்சிருக்கியாம்மா?” என்று கேட்டோம். “அண்ணே, நீங்கதான விளையாட வேண்டாம்னீங்க” என்றாள். கோபமாகச் சொல்லவில்லை. கோபப்பட்டிருந்தால் எங்களுக்கு லேசாக இருந்திருக்கும்.

அந்த அம்மா கேட்டது சரியான கேள்வி. பதில் தெரியாமலேயே பதில் சொன்னது எங்கள் தவறு. அதன்பிறகுதான் தேட ஆரம்பித்தோம். தேடியபோது முதலில் கிடைத்த பெயர் அனிதா பால்துரை.

சென்னைக்காரர். 19 வயதில் இந்தியப் பெண்கள் கூடைப்பந்து அணிக்குத் தலைவரானவர். 18 ஆண்டுகள் இந்தியாவுக்காக ஆடியவர். ஒன்பது ஆசியக் கூடைப்பந்து சாம்பியன்ஷிப் போட்டிகளில் களம் கண்டவர். குழந்தை பிறந்த பிறகும் அணிக்குத் திரும்பினார். 2017இல் பெங்களூரில் நடந்த ஆசியக் கோப்பை பி பிரிவு இறுதிப் போட்டியில் கஜகஸ்தானை 75-73 என்று இந்தியா வென்றபோது அவர் அந்த அணியில் இருந்தார். அதன்பிறகு பயிற்சியாளராகி, இந்திய இளையோர் அணிகளைத் தயார் செய்தார். 2021இல் பத்மஸ்ரீ விருது பெற்றார்.

ஆனால் அந்த அம்மாவின் கேள்விக்குப் பதில் விருதில் இல்லை. அனிதா தெற்கு ரயில்வே ஊழியர். நம் நாட்டில் கூடைப்பந்து ஆடுகிறவருக்குச் சோறு போடுவது பெரும்பாலும் ரயில்வே, போலீஸ், வங்கி போன்ற துறைகளின் விளையாட்டு ஒதுக்கீட்டு வேலைதான். தமிழ்நாடு அரசு வேலைகளிலும் சாதனை படைத்த விளையாட்டு வீரர்களுக்கு 3 சதவீத ஒதுக்கீடு இருக்கிறது. ஆகவே, பந்து சோறு போடும். பள்ளி அணி, மாவட்ட அணி, மாநில அணி என்று ஒவ்வொரு படியிலும் ஒரு சான்றிதழ் கையில் சேர வேண்டும். நாங்கள் அந்தப் பிள்ளையைத் தடுத்தது இரண்டாவது படியில்.

அந்த ஏணியில் எல்லாரும் ஒரே இடத்திலிருந்து ஏறுவதும் இல்லை. கூடைப்பந்து ஆடுகளம் 28 மீட்டர் நீளம், 15 மீட்டர் அகலம். சமமான கெட்டித் தரை வேண்டும், இரண்டு கம்பம் வேண்டும். கபடிக்கு 13க்கு 10 மீட்டர் மண் போதும். எந்தக் காலனியில் சிமெண்ட் ஆடுகளம் இருக்கிறது? நம் பிள்ளைகள் கபடியில் அதிகமாகவும் கூடைப்பந்தில் குறைவாகவும் இருப்பதற்குக் காரணம் உடம்பில் இல்லை, தரையில் இருக்கிறது.

நம் மாவட்டத்து மணத்தி கணேசனை எடுத்துக்கொள்ளுங்கள். மணத்தி கிராமத்து மண்ணில் கபடி ஆடத் தொடங்கியவர், 1994இல் ஹிரோஷிமா ஆசிய விளையாட்டில் தங்கம் வென்ற இந்திய அணியில் ஆடினார். 1995ஆம் ஆண்டுக்கான அர்ஜுனா விருது அவருக்குக் கிடைத்தது. அதே 1995இல், ஆகஸ்ட் 31 அன்று, இதே மாவட்டத்தில்தான் கொடியங்குளத்துக்குள் போலீஸ் புகுந்து வீடுகளைச் சூறையாடியது. ஒரே வருடம், ஒரே மாவட்டம். அந்தச் சூழலில் ஒரு கிராமத்துப் பையன் பயிற்சிக்குப் போய்வருவதே என்ன பாடு என்று யோசித்துப் பாருங்கள். 2025இல் வந்த ‘பைசன்’ படத்தை மாரி செல்வராஜ் அவருடைய வாழ்க்கையிலிருந்துதான் எடுத்தார்.

இப்போது பயிற்சியாளர் விஷயத்துக்கு வருவோம். ஒருவர் விளையாடி வேலை வாங்கினால் ஒரு வீடு நிமிரும். அவர் பயிற்சியாளரானால், யாரை அணியில் எடுப்பது, யாரைக் களத்தில் இறக்குவது, யார் தலைவர் என்று முடிவு செய்யும் இடத்துக்கு வருகிறார். அது அதிகாரம். சாதிச் சமூகம் நம்மிடம் உழைப்பை வாங்கிக்கொள்ளும், இந்த அதிகாரத்தை மட்டும் எளிதில் தராது.

இதற்குப் பழைய சாட்சி பல்வங்கர் பாலு. சமார் சமூகத்தில் பிறந்த பந்துவீச்சாளர். புனேயில் ஆங்கிலேயர்களின் கிளப்பில் மைதான வேலை பார்த்துக்கொண்டு, வலைப்பயிற்சியில் அவர்களுக்கு மணிக்கணக்காகப் பந்து வீசினார். அவர்கள் மட்டை பிடிக்கப் பழகியது அவருடைய கையால். ஆனால் பயிற்சியாளர் என்ற பெயர் அவருக்கு இல்லை, அவர் கையில் மட்டையும் தரப்படவில்லை. பிறகு இந்துக்கள் அணி அவரைச் சேர்த்துக்கொண்டது. களத்தில் அவர் தொட்ட பந்தை எல்லாரும் தொட்டார்கள். தேநீர் மட்டும் வெளியே, தனிக் குவளையில். 1911இல் இங்கிலாந்து போய் 100 விக்கெட்டுக்கு மேல் எடுத்தார். அப்படியும் அணித் தலைவர் பதவி கடைசிவரை கிடைக்கவில்லை. அது 1923இல் அவருடைய தம்பி விட்டலுக்குத்தான் கிடைத்தது.

ஆகவே மாணவத் தோழர்களுக்கு நாங்கள் சொல்வது: விளையாடுங்கள், அதோடு பயிற்சியாளராகவும் தகுதி பெறுங்கள். பாட்டியாலாவில் 1961இல் தொடங்கிய தேசிய விளையாட்டு நிறுவனத்தின் பயிற்சியாளர் பட்டயம் இருக்கிறது. சென்னையில் தமிழ்நாடு உடற்கல்வியியல் மற்றும் விளையாட்டுப் பல்கலைக்கழகம் இருக்கிறது. டிஎன்பிஎஸ்சி, நீட் பற்றி நமக்குத் தெரிந்த அளவுக்கு இவை பற்றியும் நம் படிப்பகங்களில் தெரிந்திருக்க வேண்டும்.

களப்பணித் தோழர்களுக்கு ஒரு வேலை. உங்கள் மாவட்டத்தில் எத்தனை ஆதிதிராவிடர் நலப் பள்ளிகளில் மைதானம் இருக்கிறது, எத்தனை பள்ளிகளில் உடற்கல்வி ஆசிரியர் பணியிடம் நிரப்பப்பட்டிருக்கிறது என்று தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். வரும் பதிலை வைத்து மனுப் போடுங்கள். நாங்களும் போடுகிறோம்.

அந்தப் பிள்ளை இப்போது கல்லூரியில் பி.காம். படிக்கிறாள். மாவட்ட அணிக்கு ஆடும் வயது கடந்துவிட்டது. அதை நாங்கள் திருப்பித் தர முடியாது. ஆனால் கடந்த ஆண்டு அவளே வந்து, படிப்பகத்துச் சின்னப் பிள்ளைகளுக்குக் கூடைப்பந்து சொல்லித் தருவதாகச் சொன்னாள். பக்கத்தில் ஒரு பள்ளி மைதானத்தில் ஞாயிறு காலை இரண்டு மணி நேரம் கேட்டு எழுதினோம். மூன்று கடிதங்களுக்குப் பதில் இல்லை, நான்காவதற்கு அனுமதி வந்தது. இப்போது பன்னிரண்டு பிள்ளைகள் வருகிறார்கள். பந்து இரண்டுதான் இருக்கிறது. யார் முதலில் எறிவது, யார் வெளியே உட்காருவது என்பதை அவள்தான் சொல்கிறாள். தண்ணீர்க் குடம் தூக்குவது எங்கள் வேலை.

போன மாதம் அவளுடைய அம்மா மைதானத்துக்கு வந்து கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தார். எங்களிடம் எதுவும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் இந்தமுறை பதில் வைத்திருந்தோம்.

ஜெய் பீம்.