"உனக்கு நடிப்பு வராது"



"தி இங்கிலீஷ் பேஷன்ட்" படம் பார்த்திருக்கீங்களா?
1996ல் வந்து ஒன்பது ஆஸ்கர் வாங்கிய படம்.

அதில் கேத்தரினாக நடித்த கிறிஸ்டின் ஸ்காட் தாமஸ் பற்றித்தான் இந்தத் திரெட்.

1960ல் இங்கிலாந்தின் கார்ன்வாலில் பிறந்தவர். அப்பா கடற்படை விமானி. இவர் சிறுமியாக இருக்கும்போதே விமான விபத்தில் இறந்துவிட்டார். அம்மா மறுமணம் செய்துகொண்டவரும் விமானி. அவரும் சில வருடங்களில் அதே மாதிரி விபத்தில் போய்விட்டார்.

வளர்ந்து, லண்டன் நாடகப் பள்ளியில் சேர்ந்தார்.
நடிகை ஆக அல்ல, நாடக ஆசிரியை ஆக.
நடிக்கவும் ஆசை இருந்தது. ஆனால் "உனக்கு அந்த அளவு திறமை இல்லை" என்று சொல்லிவிட்டார்கள்.

படிப்பைப் பாதியில் விட்டுவிட்டு 19 வயதில் பாரிஸ் போனார்.
ஒரு வீட்டில் குழந்தை பார்த்துக்கொள்ளும் வேலை.
பிறகு அங்கேயே நாடகப் பள்ளியில் சேர்ந்து, பிரெஞ்சு மொழியில் நடிப்பு படித்தார்.

1986ல் பாடகர் பிரின்ஸ் இயக்கி நடித்த "அண்டர் தி செர்ரி மூன்" படத்தில் அறிமுகம். மோசமான நடிப்புக்குத் தரும் ராஸி விருதுக்குப் பரிந்துரைத்துக் கிண்டல் செய்தார்கள்.

லண்டனில் சொன்னது சரிதான் போலன்னு அன்னிக்கு யாருக்கும் தோன்றியிருக்கும்.

பத்தே வருடம். "தி இங்கிலீஷ் பேஷன்ட்" படத்துக்காகச் சிறந்த நடிகைக்கான ஆஸ்கர் பரிந்துரை!

2008ல் பிரெஞ்சுப் படம் ஒன்றில், பதினைந்து வருடம் சிறையில் இருந்து வெளியே வரும் முன்னாள் டாக்டராக நடித்தார். அவருடைய பிரெஞ்சில் இருந்த ஆங்கில வாடையை யாரும் திருத்தச் சொல்லவில்லை. அந்தக் கதாபாத்திரத்தின் அம்மாவை ஆங்கிலேயர் ஆக்கிவிட்டார்கள். அவ்வளவுதான்!

சரி, இதை ஒரு டாக்டர் ஏன் சொல்லணும்?

தேர்வு முடிவுகள் வரும் வாரங்களில் எங்கள் அவசர சிகிச்சைப் பிரிவுக்கு வரும் பிள்ளைகளுக்காகத்தான். வயிற்றைக் கழுவி, சலைன் ஏற்றி, உயிரை மீட்டபின் பேச்சுக் கொடுத்தால், பலர் சொல்வது ஒன்றுதான்.

"நான் எதுக்குமே லாயக்கில்லன்னு சொல்லிட்டாங்க சார்"

நோயாளியின் எதிர்காலம் பற்றி நாங்கள் சொல்லும் கணிப்பே அன்றைய நிலையை வைத்துச் சொல்வதுதான். அடுத்த வாரம் மாறலாம். 17 வயதுப் பிள்ளையின் மொத்த வாழ்க்கையையும் ஒரு மார்க் ஷீட்டை வைத்து நாம் எப்படிக் கணிக்க முடியும்?

பெற்றோரே, ஆசிரியர்களே
"இந்தத் தடவை வரல" என்று சொல்லுங்கள்.
"உனக்கு வராது" என்று சொல்லாதீர்கள்.

மனசு தாங்காத பிள்ளைகள் 14416 என்ற இலவச எண்ணுக்கு எந்நேரமும் அழைக்கலாம். தமிழிலேயே பேசலாம்.