இடியாப்பமும் ஓர் அறையும்

நாமக்கல் பக்கம் மாப்பிள்ளைக்குக் கோழிப்பண்ணை இருக்கிறது என்றால் பெண் வீட்டில் அதிகம் விசாரிக்க மாட்டார்கள். முட்டை விலையை வேண்டுமானால் விசாரிப்பார்கள் :) கேரளாவிலும் அப்படித்தான் போல. விபின் தாஸ் இயக்கி 2022 அக்டோபரில் வந்த 'ஜெய ஜெய ஜெய ஜெய ஹே' மலையாளப் படத்தில் ராஜேஷ் (பேசில் ஜோசப்) ஒரு கோழிப்பண்ணைக்காரன். கல்யாணத்துக்கு அப்புறம் படிக்கலாம் என்று சொல்லித்தான் ஜெயாவை (தர்ஷனா ராஜேந்திரன்) கட்டிவைக்கிறார்கள். படிப்பு என்ன ஆச்சு? தினமும் காலையில் அவனுக்கு இடியாப்பம் பிழிவதில் போச்சு.

அப்புறம் ஒருநாள் அறை. அறைந்துவிட்டு சினிமா, ஓட்டல் சாப்பாடு. டெபிட், கிரெடிட் டேலி ஆகிவிட்டது என்று நினைக்கிறான் ராஜேஷ். அடுத்த அறைக்குப் புதுக் கணக்கு!

நம்ம படங்களில் பொண்டாட்டியை அறைந்தால் ஒன்று அவள் திருந்துவாள், இல்லையென்றால் பின்னணியில் ஒரு 'டொய்ங்' சத்தம். மாற்றிப் போட்டால் வடிவேலு - கோவை சரளா. அதில் சரளா கையால் அடி விழும், தியேட்டர் சிரிக்கும், அடுத்த சீனில் எல்லாம் பழையபடி. அந்த அம்மாவுக்கு ஏன் இவ்வளவு கோபம் என்று யாரும் கேட்டதில்லை. ஜெயாவின் அடி அந்த ரகம் இல்லை. யூடியூப் பார்த்துச் சண்டை கற்றுக்கொண்டு அவள் விடும் முதல் உதைக்குச் சிரிப்பு வருகிறது. காரணம், அதற்கு முன்னால் அவள் வாங்கியது எதற்கும் படம் நம்மைச் சிரிக்க விடவில்லை.

இதே அக்டோபர் 10-ம் தேதி அமெரிக்காவில் ஏ.எம்.சி. சேனலின் ஒரு தொடர் இரண்டாவது சீசனோடு முடிந்தது. பெயரில் கெட்ட வார்த்தை இருப்பதால் 'கெவின்' என்று மட்டும் வைத்துக்கொள்வோம். கெவின் இருக்கும் காட்சிகளில் பளிச்சென்று வெளிச்சம், பின்னால் கூட்டத்தின் சிரிப்பொலி, அச்சு அசல் சிட்காம். மனைவி ஆலிசன் பக்கத்து அறைக்குப் போனதும் சிரிப்பு நின்று, வெளிச்சம் மங்கி, வேறு ஏதோ படம் மாதிரி ஆகிவிடும். கடைசி எபிசோடில் அவள் நேருக்கு நேர் விவாகரத்து கேட்கிறாள். அந்த இடத்தில் கெவின் இருக்கும்போதே சிரிப்பொலி நின்றுபோகிறது. அதே ஆள், அதே வீடு, பார்க்கப் பயமாக இருக்கிறது. இரண்டு சீசன் இழுத்ததும் அந்த ஒரு நிமிஷத்துக்குத்தான் போல.

ஜெயாவின் கதையில் சிரிப்பை நிறுத்துவது அவளுடைய சொந்த வீடு. மகள் அடி வாங்குகிறாள் என்று தெரிந்தும் பெற்றவர்கள் சொல்வது ஒன்றே ஒன்று: கொஞ்சம் அட்ஜஸ்ட் பண்ணிக்கோம்மா. சேலத்தில் எந்தக் கல்யாண மண்டபத்தில் உட்கார்ந்திருந்தாலும் காதில் விழும் வசனம் இது. சண்டைக்காட்சிகளை விட இதுதான் வலிக்கிறது. உண்மையில் இரண்டாம் பாதி சண்டை கொஞ்சம் ஓவர், கார்ட்டூன் மாதிரி நீள்கிறது. அதற்குள் உறவுக்காரர் ஒருவர், குழந்தை உண்டானால் அவள் அடங்கிவிடுவாள் என்று ராஜேஷுக்கு ஐடியா கொடுக்கிறார். இதையும் காமெடி மாதிரியே சொல்லிக்கொண்டு போகிறார்கள். சிரித்துவிட்டு, ஒரு நொடி கழித்துத்தான் உறைக்கும்.

அவன் காலில் விழுந்தான், அவள் மன்னித்தாள், சுபம்... அந்த மாதிரி முடிவு இல்லை. மீதியைப் படத்தில் பாருங்கள். இடியாப்பம் சாப்பிட்டுக்கொண்டு மட்டும் பார்க்காதீர்கள் :)