எந்தத் தெரு?

சங்கரன்கோவிலில் ஒருவரைப் பார்த்து 'உங்களுக்கு எந்தத் தெரு?' என்று கேட்டால் அது விலாசம் விசாரிப்பதாகாது. கேட்பவருக்கும் இது தெரியும், பதில் சொல்பவருக்கும் தெரியும். கோயிலைச் சுற்றிய ரத வீதிகளிலிருந்து ஊர் முடிகிற இடத்துக் காலனிவரை தெருப்பெயரே சாதிப்பெயரின் வேலையைச் செய்துவிடுகிறது. நான் வேலை பார்க்கும் வங்கியில் கணக்குத் தொடங்கும் படிவத்தில் உட்சாதிக்கென்று கட்டம் கிடையாது. முகவரிக் கட்டம் போதும்.

நாகரிகக் குறைவான இந்தக் கேள்வியைத்தான் மானிடவியல் படிக்கப் போகும் மாணவன் ஒருவனுக்குச் சிபாரிசு செய்தேன். எதிலிருந்து வாசிக்க ஆரம்பிக்கலாம் என்று கேட்டு வந்திருந்தான். யாரோ எழுதிக் கொடுத்த பட்டியல் ஒன்றும் கையில் வைத்திருந்தான். மலினோவ்ஸ்கி, எவன்ஸ்-பிரிச்சர்ட், லெவி-ஸ்ட்ராஸ், லூயி டூமோ. குறை சொல்ல முடியாத வரிசை. ஆனால் இந்த வரிசையில் போகிறவன் உறவுமுறை, சடங்கு, அமைப்பு என்று கருத்துக்களைச் சேகரித்துக்கொண்டே போவான். எழுதியவர் எங்கே உட்கார்ந்து எழுதினார் என்று கேட்க அவனுக்குத் தோன்றாது. நான் பி.ஏ.யில் ஆங்கில இலக்கியம் படித்தபோது, ஆசிரியனை மறந்து பிரதியை மட்டும் பார் என்று கற்பித்தார்கள். கவிதைக்கு அது ஓரளவு உதவிற்று. மானிடவியலுக்கு உதவாது.

ஆந்த்ரே பெதேய் தஞ்சாவூர் ஜில்லாவின் ஒரு கிராமத்துக்கு ஸ்ரீபுரம் என்று புனைபெயர் வைத்து, சாதி, வர்க்கம், அதிகாரம் மூன்றையும் பற்றி 1965இல் ஒரு புத்தகம் வெளியிட்டார். அவர் தங்கியது அக்ரகாரத்தில். அதனால் மற்றத் தெருக்களில், முக்கியமாக ஆதிதிராவிடர் தெருவில், தன்னால் சகஜமாகப் புழங்க முடியவில்லை என்பதை அவர் மறைக்கவில்லை. எம்.என். ஸ்ரீநிவாஸ் மைசூர்ப் பக்கத்து ராம்புராவில் 1948இல் கள ஆய்வு செய்தார். அந்தக் குறிப்புகள் 1970 ஏப்ரலில் ஸ்டான்ஃபோர்டில் வைக்கப்பட்ட தீயில் எரிந்துபோயின. நினைவிலிருந்தே எழுதி 1976இல் புத்தகமாக்கினார். அருமையான புத்தகம். ஆனால் அங்கே அவருக்கு ஆதரவு தந்தவர் ஊர்த் தலைவர். தான் கண்டது மேல்சாதிக்காரன் கண்ட ஊர்தான் என்று ஸ்ரீநிவாஸே ஒத்துக்கொள்கிறார். குறிப்புகள் எரிந்த பிறகு எஞ்சிய நினைவும் அதே வீட்டுத் திண்ணையிலிருந்து பார்த்ததுதான்.

அப்படியானால் காலனிக்குள் போய் ஆராய்ந்தால் உண்மை கிடைத்துவிடுமா? இங்கேதான் விஷயம் சிக்கலாகிறது. ஜோன் மென்ச்சர், மைக்கேல் மொஃபட் என்ற இரண்டு அமெரிக்கர்கள் செங்கல்பட்டு ஜில்லாவில் ஆய்வு செய்தார்கள். இருவரும் கவனித்தது சாதியின் அடித்தட்டை. மென்ச்சர் 1974இல் எழுதிய கட்டுரை சாதியமைப்பைத் தலைகீழாக நிறுத்திப் பார்க்கிறது: கீழே இருந்து பார்த்தால் சாதி என்பது புனிதம், தீட்டு என்ற தத்துவமல்ல, உழைப்பைச் சுரண்டும் ஏற்பாடு, அதற்கு உட்பட்டவர்கள் அதை மனதார ஏற்கவும் இல்லை. மொஃபட் 1979இல் நேர்மாறாகச் சொன்னார்: ஒதுக்கப்பட்டவர்கள் தங்களுக்குள்ளும் அதே மேல் கீழ் வரிசையைப் பிரதியெடுத்துக்கொள்கிறார்கள், அடிப்படையில் அவர்களுக்கும் அந்த ஒழுங்கில் சம்மதம் உண்டு. ஜில்லா ஒன்றுதான். மொஃபட் போகும்போதே டூமோவின் கேள்வியைக் கையோடு கொண்டுபோனார். மென்ச்சர் கூலியையும் நிலத்தையும் கணக்கெடுக்கப் போனார்.

மாணவன் கேட்டான்: "சார், நான் காலனிக்காரன். என் தெருவைப் பத்தி நானே எழுதுனா அது ஆராய்ச்சி இல்லேம்பாங்களே?"

சொல்லத்தான் செய்வார்கள். அக்ரகாரத்தில் தங்கி எழுதினால் ஆய்வு. சேரியில் பிறந்தவர் எழுதினால் அனுபவம், சாட்சியம், சுயசரிதை. பாமாவின் 'கருக்கு' 1992இல் வந்தது. அதைப் பாராட்டிய பலரும்கூட அதன் ஆவேசத்தைப் பாராட்டினார்களே தவிர, ஒரு கிராமம் எப்படி இயங்குகிறது என்பதற்கான விளக்கமாக அதை எடுத்துக்கொள்ளவில்லை. மேல் தெருவுக்குச் சிந்தனை, கீழ்த் தெருவுக்கு உணர்ச்சி என்று அறிவிலும் ஒரு வேலைப் பிரிவினை. இதை ஏற்றுக்கொள்ளும் மாணவன் பட்டம் வாங்கலாம். மானிடவியல் தெரிந்தவன் ஆகமாட்டான்.

ஆனால் பிறந்த தெருவே எல்லாவற்றையும் காட்டிவிடும் என்றும் அவனிடம் சொல்ல முடியவில்லை. இமையத்தின் 'கோவேறு கழுதைகள்' (1994) புதிரை வண்ணார் குடும்பம் ஒன்றின் கதை. தலித்துகளுக்குத் துணி வெளுப்பவர்கள் அவர்கள். அந்தத் தலித்துகளாலும் தாழ்வாக நடத்தப்படுபவர்கள். சேரிக்குள்ளும் ஒரு சேரி. மொஃபட் பார்த்தது இதைத்தான். பார்த்தது பொய்யில்லை. ஆனால் அதைச் சம்மதம் என்று அவர் பெயரிட்டதை அந்த நாவலின் ஆரோக்கியம் ஒத்துக்கொள்வாளா? படியாக வர வேண்டிய சோற்றையும் தானியத்தையும் அவள் கேட்டுக் கேட்டு அலைவதைச் சம்மதம் என்று வாசிக்க என்னால் முடியவில்லை. வேறு வழியில்லாததும் சம்மதமும் வெளியிலிருந்து பார்க்க ஒன்றுபோலவே இருக்கும். இரண்டையும் பிரித்துப் பார்ப்பதுதான் இந்தத் துறையின் வேலை என்றுகூடச் சொல்லலாம்.

ஆகவே நான் கொடுத்த பட்டியல் சிறியது. மென்ச்சரைக் 'கருக்கு'டன் வாசிக்கட்டும். மொஃபட்டைக் 'கோவேறு கழுதைக'ளுடன் வாசிக்கட்டும். ஒன்று இன்னொன்றை எங்கே மறுக்கிறது என்று ஓரத்தில் பென்சிலால் குறித்துக்கொள்ளட்டும். இந்த நாலும் முடிந்த பிறகு மலினோவ்ஸ்கியிடம் போகலாம். 1922இல் வந்த அந்தப் பெரிய புத்தகத்தில் அவருடைய கூடாரத்தின் புகைப்படம் இருக்கிறது. தீவுக்காரர்கள்மீது அவருக்கிருந்த எரிச்சலும் வெறுப்பும் அவர் இறந்து கால்நூற்றாண்டு கழித்து, 1967இல், நாட்குறிப்பு அச்சானபோதுதான் வெளியே தெரிந்தன. முதலிலேயே அவரை வாசிப்பவன் அந்தப் படத்தைப் புரட்டிவிட்டுப் போய்விடுவான். நாலையும் வாசித்துவிட்டு வருகிறவன் அதில் கொஞ்ச நேரம் நிற்பான்.