அம்மச்சியோடு ஒரு நாள்

கேரள மாநிலத்தின் தென்கோடியில், நெய்யாற்றின்கரை வட்டத்தில், கொல்லயில் என்னும் ஊராட்சி உள்ளது. ரப்பர்த் தோட்டங்களும் வாழைத் தோப்புகளும் மரச்சீனிக் கிழங்கு விளையும் மேட்டு நிலங்களும் மாறிமாறி வரும் சிற்றூர்களின் தொகுதி அது. அங்கிருந்து பாறசாலை வழியாகச் சென்றால் சிறிது நேரத்திலேயே தமிழ்நாட்டின் எல்லையை அடைந்துவிடலாம். அந்த ஊரில் பிறந்து வளர்ந்த ஒருவர் தில்லியில் பணிபுரிகிறார். அவருடைய மகள் அங்கே ஒரு மத்தியப் பள்ளியில் ஏழாம் வகுப்புப் படிக்கிறாள். விருப்பப் பாடமாகத் தமிழ் கற்கிறாள். ஒவ்வொரு கோடை விடுமுறையிலும் அவள் தன் அம்மச்சியிடம் வந்துவிடுவாள். அப்பகுதியில் பாட்டியை அவ்வாறு அழைப்போர் பலர்.

ஒரு நாள் முழுவதும் வண்டி அமர்த்திக்கொண்டு ஊர் சுற்றலாம் என்னும் எண்ணம் அந்த ஆண்டு அவளுக்கு எழுந்ததற்குக் காரணம் அவளுடைய சித்தி. ஸ்காட்லாந்தில் வாழும் சித்தி, அங்கே தனி வண்டியில் நாட்டுப்புறங்களைச் சுற்றிப் பார்த்ததைத் தொலைபேசியில் விரிவாகக் கூறியிருந்தாள். வண்டியோட்டியே வழிகாட்டியாகவும் இருப்பாராம். ஏரிக்கரைகள், செம்மறி மேயும் குன்றுகள், இடிந்த கோட்டைகள் என்று ஒவ்வொன்றின் கதையையும் சொல்லிக்கொண்டே வருவாராம். மலைநாட்டில் ஊர்ப்பெயர்ப் பலகைகள் ஆங்கிலத்திலும் கேலிக் மொழியிலும் எழுதப்பட்டிருந்தனவாம். "என் பாட்டி கேலிக் பேசுவார், எனக்கு அந்தப் பலகையை வாசிக்க மட்டுமே தெரியும்" என்று அந்த வழிகாட்டி கூறியதைச் சித்தி சிரித்துக்கொண்டே சொன்னாள். சிறுமிக்கு அதில் சிரிக்க என்ன இருக்கிறது என்று விளங்கவில்லை.

"நாமும் அப்படிப் போகலாமா, அம்மச்சி?" என்று அவள் கேட்டாள்.

"போகலாம் மக்களே. ஆனால் சிதறால் மலைக்கும் போக வேண்டும்" என்றாள் அம்மச்சி.

எழுபத்து நான்கு வயதில், முழங்கால் வலியோடு, மலை ஏறவேண்டும் என்று அவள் கேட்டது வீட்டில் எல்லோருக்கும் வியப்பாக இருந்தது. காரணம் கேட்டதற்கு அவள் விடை கூறவில்லை. முந்தானையில் ஒரு சிறு துணிப்பையை முடிந்துகொண்டு, காலை ஏழு மணிக்கே திண்ணையில் வந்து அமர்ந்துவிட்டாள்.

வண்டியோட்டி நெய்யாற்றின்கரையைச் சேர்ந்தவர், நடுவயதினர். தமிழில் தொடங்கும் வாக்கியத்தை மலையாளத்தில் முடிப்பதும், மலையாளத்தில் தொடங்குவதைத் தமிழில் முடிப்பதும் அவருடைய இயல்பு. அதை அவர் உணர்ந்ததாகவே தெரியவில்லை. அந்தப் பக்கத்தில் அதைக் குறையாக எவரும் கருதுவதுமில்லை.

முதலில் அவர் வடக்கே, நெய்யாற்றின்கரை கிருஷ்ணசுவாமி கோயிலுக்கு அழைத்துச் சென்றார். அங்கே குழந்தைக் கண்ணனின் கையில் வெண்ணெய் வைத்து வழிபடுவர். கோயில் வளாகத்தில் பட்டுப்போன ஒரு பலா மரத்தின் அடிப்பகுதி காக்கப்பட்டு வருகிறது. அதன் நடுவில் பெரிய பொந்து. திருவிதாங்கூரை ஆண்ட மார்த்தாண்ட வர்மர் இளவரசராக இருந்தபோது பகைவர்கள் அவரைத் துரத்தினராம். அப்பொழுது ஒரு சிறுவன் தோன்றி, இந்தப் பொந்தில் ஒளிந்துகொள்ளுமாறு கூறினானாம். பகைவர் கடந்து சென்றனர். இளவரசர் உயிர் தப்பினார். பின்னாளில் அரசராகி, அந்தச் சிறுவன் கண்ணனே என்று நம்பி, இக்கோயிலை எழுப்பினார் என்பது மக்கள் வழங்கும் கதை.

"இதன் பெயர் என்ன தெரியுமோ, மோளே? அம்மச்சிப் பிலாவு" என்றார் வண்டியோட்டி.

சிறுமி தன் அம்மச்சியையும் மரத்தையும் மாறிமாறிப் பார்த்தாள். "பிலாவா? பலா என்றுதானே என் புத்தகத்தில் இருக்கிறது?"

"உன் புத்தகத்தில் பலா, நம் வீட்டில் பிலா, பழுத்தால் சக்கை. மூன்றும் ஒன்றுதான்" என்றாள் அம்மச்சி. மரத்தின் பொந்தை வெகுநேரம் உற்றுப் பார்த்துவிட்டு, "ஓர் ஆள் நிற்கலாம்" என்று மட்டும் கூறினாள்.

அங்கிருந்து தெற்கே திரும்பினர். அமரவிளை, உதியன்குளங்கரை என்று ஊர்கள் கடந்தன. ஊர்ப்பெயர்களில் அடிக்கடி வரும் விளை என்னும் சொல்லைச் சிறுமி கவனித்தாள். பயிரிடும் மேட்டு நிலத்தை விளை என்பர். எல்லைக்கு இப்புறமும் அப்புறமும் அந்தச் சொல் ஒன்றே. சாலையோரத்து வீடுகளின் முற்றத்தில் ரப்பர்த் தகடுகள் துணிகளைப் போலக் கொடியில் தொங்கின. மே மாதமாதலால், சக்கை பழுத்த மணம் வண்டிக்குள்ளும் வந்தது.

பாறசாலையை அடைந்தபோது வண்டியோட்டி வேகத்தைக் குறைத்தார். கர்நாடக இசைக் கலைஞர் பாறசாலை பொன்னம்மாள் பிறந்த ஊர் அது. திருவனந்தபுரத்தில் நவராத்திரி மண்டபம் ஒன்று உள்ளது. அங்கே நடைபெறும் இசை வழிபாட்டில் நெடுங்காலமாக ஆண்களே பாடி வந்தனர். 2006ஆம் ஆண்டில், எண்பது வயதைக் கடந்த பிறகு, பொன்னம்மாள் அங்கே பாடினார். அவ்வாறு பாடிய முதல் பெண் அவரே. அந்த மண்டபத்தில் வைத்து வழிபடப்படும் சரசுவதி சிலை பத்மநாபபுரத்திலிருந்து ஆண்டுதோறும் இதே சாலை வழியாகத்தான் ஊர்வலமாகச் செல்கிறது. கம்பர் வழிபட்ட சிலை அது என்பது மரபுவழிச் செய்தி. வேளிமலைக் குமாரசுவாமியும் சுசீந்திரத்து முன்னுதித்த நங்கையும் உடன் செல்வர். களியக்காவிளையில் கேரள அரசின் சார்பில் வரவேற்பு அளிக்கப்படும்.

"தெய்வங்கள் எல்லையைக் கடக்க அனுமதிச் சீட்டு வேண்டாம். என் வண்டிக்கு வேண்டும்" என்றார் அவர். வேற்று மாநிலத்திற்குள் நுழையும் வாடகை வண்டிக்கு வரி செலுத்த வேண்டும். அதை முன்னரே செலுத்தியிருந்தார்.

எல்லை எப்படி இருக்கும் என்று சிறுமி பல நாள் எண்ணியிருந்தாள். ஆறோ மலையோ, குறைந்தது ஒரு நீண்ட சுவரோ இருக்கும் என்பது அவள் நினைப்பு. அப்படி எதுவும் அங்கே இல்லை. கடைகளின் வரிசை இடையறாது தொடர்ந்தது. வாழைத்தார் ஏற்றிய வண்டி ஒன்று முன்னே சென்றது. பேருந்துகளின் நிறம் மாறியது. பலகைகளின் எழுத்து மாறியது. அவ்வளவே.

அவள் எழுத்துக் கூட்டி வாசிக்கத் தொடங்கினாள். "க... ளி... யக்... கா... விளை. களியக்காவிளை!" பிறகு மருந்துக் கடை, மளிகைக் கடை, தேநீர்க் கடை, தையல் கடை என்று ஒன்றையும் விடாமல் உரக்க வாசித்தாள். தில்லியில் அவள் தமிழை வாசிப்பது புத்தகத்தில் மட்டுமே. ஒரு தெரு முழுவதும் தமிழில் எழுதப்பட்டிருப்பது அவளுக்குப் புதுமையாக இருந்தது.

அம்மச்சி கண்களை மூடிக் கேட்டுக்கொண்டிருந்தாள். "நீங்களும் வாசியுங்கள், அம்மச்சி" என்று சிறுமி அழைத்தாள்.

"எனக்குத் தமிழ் எழுத்துத் தெரியாது, மக்களே."

சிறுமி திகைத்துப்போனாள். அவளுக்குத் தமிழில் பேசக் கற்றுத் தந்ததே அம்மச்சிதான். கதை சொன்னதும் தாலாட்டியதும் திட்டியதும் தமிழில்தான். அவள் நாள்தோறும் செய்தித்தாள் வாசிப்பதைச் சிறுமி பார்த்திருக்கிறாள். அது மலையாளச் செய்தித்தாள் என்பது இப்பொழுதுதான் நினைவுக்கு வந்தது.

இதற்குக் காரணம் 1956ஆம் ஆண்டு. அதுவரை இந்தப் பகுதி முழுவதும் திருவிதாங்கூரைச் சேர்ந்திருந்தது. 1949 முதல் திருவிதாங்கூர்-கொச்சி மாநிலம் என்று பெயர். தமிழர் வாழும் வட்டங்களைத் தமிழகத்தோடு இணைக்கவேண்டும் என்று மார்ஷல் நேசமணி முதலியோர் போராடினர். 1954 ஆகஸ்ட் 11 அன்று மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் காவல்துறையின் துப்பாக்கிச் சூட்டில் போராட்டக்காரர்கள் உயிரிழந்தனர். 1956 நவம்பர் 1 அன்று, மொழிவழியாக மாநிலங்கள் பிரிக்கப்பட்டபோது, தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு வட்டங்களும் சென்னை மாநிலத்தோடு சேர்ந்து கன்னியாகுமரி மாவட்டமாயின. நெய்யாற்றின்கரை வட்டம் கேரளத்தில் நின்றது. வரைபடத்தில் கோடு இழுப்பது எளிது. கோட்டின் இருபுறமும் ஒரே குடும்பத்தார் இருந்தால் அவர்கள் என்ன செய்வர் என்பதற்கு வரைபடத்தில் இடமில்லை.

அம்மச்சிக்கு அப்பொழுது ஆறு வயது. நான்கு வயது மூத்த அக்காள், சிதறாலுக்கு அருகே தாய்மாமன் வீட்டில் தங்கித் தமிழ்ப் பள்ளியில் படித்துவந்தாள். தங்கையைத் தந்தை கொல்லயில் ஊரில், வீட்டிற்கு அருகிலிருந்த மலையாளப் பள்ளியில் சேர்த்தார். நடந்து போகக்கூடிய தொலைவில் இருந்தது அதுவே என்பதைத் தவிர அதற்கு வேறு காரணமில்லை. அக்காள் அங்கேயே மணமாகி அங்கேயே வாழ்ந்தாள். கடிதம் எழுதுவாள், தமிழில்தான் எழுதுவாள். தமிழ் அறிந்த தாத்தா அவற்றை வாசித்துக் காட்டுவார். தாத்தா காலமாகிப் பன்னிரண்டு ஆண்டுகள் ஆயின; அக்காளும் மூன்று ஆண்டுகளுக்கு முன் மறைந்தாள்.

இவற்றையெல்லாம் அம்மச்சி தொடர்ச்சியாகக் கூறவில்லை. மார்த்தாண்டத்துச் சந்தியில் வண்டி நின்றபோது சிறிது, குழித்துறைப் பாலத்தின் மேல் சிறிது என்று விட்டுவிட்டுக் கூறினாள். அக்காளை நினைத்தபோதெல்லாம் பேச்சு நின்றுவிட்டது.

நண்பகலில் பத்மநாபபுரம் அரண்மனையைப் பார்த்தனர். திருவிதாங்கூரின் தலைநகர் திருவனந்தபுரத்திற்கு மாறும் வரை அரசர்கள் இங்கிருந்தே ஆண்டனர். மரச் செதுக்கு வேலைகளும், கண்ணாடிபோல் மின்னும் கருந்தரையும் சிறுமியைக் கவர்ந்தன. ஆனால் அவள் மறவாமல் குறித்துக்கொண்ட செய்தி வேறு. தமிழ்நாட்டு மண்ணில் நிற்கும் இந்த அரண்மனையைக் காத்துவருவது கேரள அரசு. "அப்படியானால் இந்தக் கட்டடமும் அம்மச்சியைப் போலத்தான்" என்றாள். வண்டியோட்டி இதைக் கேட்டு உரக்கச் சிரித்தார். அம்மச்சி சிரிக்கவில்லை, பேத்தியின் தலையை ஒரு முறை தடவிக்கொடுத்தாள்.

திரும்பும் வழியில், பிற்பகல் மூன்றரை மணிக்குச் சிதறாலை அடைந்தனர். அடிவாரத்திலிருந்து கல் பாவிய பாதை முந்திரி மரங்களுக்கிடையே மேலே செல்கிறது. அம்மச்சி ஒரு கையால் பேத்தியின் தோளையும் மறு கையால் ஊன்றுகோலையும் பற்றிக்கொண்டாள். பத்து அடி நடப்பாள், நிற்பாள். இளைப்பாற இடம் கண்ட போதெல்லாம் அமர்ந்தாள். பாதி வழியில் அவள் முகம் வெளிறியது. "இறங்கிவிடலாம், அம்மா" என்று வண்டியோட்டி வற்புறுத்தினார். அவள் அவருக்கு விடை கூறாமல் எழுந்து நடந்தாள்.

மலையுச்சியில் பெரும் பாறைகளின் அடியில் குடைந்தமைத்த கோயில் உள்ளது. வெளிப்பாறையில் சமணத் தீர்த்தங்கரர்களின் உருவங்கள் வரிசையாகச் செதுக்கப்பட்டுள்ளன. தலைமேல் பாம்பு படம் விரித்த பார்சுவநாதரும், அம்பிகை இயக்கியும் அவற்றுள் உள்ளனர். இம்மலையைத் திருச்சாரணத்து மலை என்று கல்வெட்டுகள் குறிக்கின்றன. ஒன்பதாம் நூற்றாண்டில் ஆய் மன்னன் விக்கிரமாதித்த வரகுணன் ஆண்ட காலத்தில், குணந்தாங்கிக் குரத்திகள் என்னும் சமணப் பெண் துறவி இங்குள்ள தேவிக்குப் பொன் அணிகளை அளித்த செய்தியும் கல்லில் பொறிக்கப்பட்டுள்ளது. பிற்காலத்தில் இது பகவதி கோயிலாயிற்று.

சிறுமி கல்வெட்டின் அருகே சென்று வாசிக்க முயன்றாள். ஓர் எழுத்தும் பிடிபடவில்லை.

"மலையாளமா, மாமா?"

"இல்லை" என்றார் வண்டியோட்டி. அது வட்டெழுத்து, பழங்காலத்தில் இந்தப் பகுதியில் தமிழை எழுதிய முறை. தமிழ் கற்கும் சிறுமியும், மலையாளம் கற்ற அம்மச்சியும், இரண்டும் அறிந்த வண்டியோட்டியும் அதன் முன் ஒருபோலவே நின்றனர்.

பாறைக்கு அருகே சிறு சுனை ஒன்று உள்ளது. அதன் கரையில் அம்மச்சி அமர்ந்தாள். கீழே தென்னந்தோப்புகளும் தொலைவில் மேற்குத் தொடர்ச்சி மலையும் தெரிந்தன. "நானும் அக்காளும் இங்கேதான் விளையாடுவோம்" என்று கூறி, முந்தானை முடிச்சை அவிழ்த்தாள். துணிப்பையில் நீல நிற உள்நாட்டுக் கடிதங்கள் நான்கு இருந்தன. மடிப்புகள் நைந்திருந்தன. மேலே இருந்த ஒன்றை எடுத்துப் பேத்தியிடம் நீட்டினாள்.

"இதை வாசி, மக்களே. மெல்ல வாசி."

கையெழுத்துச் சாய்ந்தும் நெருங்கியும் இருந்தது. பாடப் புத்தகத்தின் அச்செழுத்துகளையே அறிந்த சிறுமிக்கு முதல் வரியே கடினமாயிற்று. அவள் விரலை வைத்து, ஒவ்வொரு சொல்லாகக் கூட்டினாள். அன்புள்ள தங்கச்சிக்கு என்று கடிதம் தொடங்கியது. வீட்டில் அனைவரும் நலம். கிணற்றில் தண்ணீர் குறைந்துவிட்டது. கறுப்புக் கோழி பதினொரு குஞ்சு பொரித்தது, அவற்றில் இரண்டைக் கீரி கொண்டுபோயிற்று. இவ்வாறு சென்றது கடிதம். நடுவில் ஒரு சொல்லில் சிறுமி நின்றாள்.

"கொல்... லாம்... பழம். கொல்லாம்பழமா? எதைக் கொல்லலாம், அம்மச்சி?"

அம்மச்சி முதலில் விளங்காமல் பார்த்தாள். பிறகு, அன்று காலை முதல் சிரிக்காதவள், கண்ணில் நீர் வரச் சிரித்தாள். "முந்திரிப் பழம், மக்களே! வழியெல்லாம் பார்த்தாயே, அந்த மரம்தான். இங்கே அதைக் கொல்லாமரம் என்போம். அக்காள் அந்தப் பழத்தை உப்பு வைத்துத் தருவாள்; எனக்குத் தொண்டை கரகரக்கும். அடுத்து என்ன எழுதியிருக்கிறாள்? நிறுத்தாதே."

சிறுமி தொடர்ந்தாள். கொல்லாம்பழக் காலம் முடிவதற்குள் தங்கை ஒரு முறை வந்துபோக வேண்டும் என்று எழுதியிருந்தது. பேருந்தில் வந்தால் மார்த்தாண்டத்தில் இறங்கி, பெண்களிடம் மட்டும் வழி கேட்க வேண்டுமாம். ஆண்கள் தெரியாத வழியையும் தெரிந்ததுபோல் சொல்வார்களாம். வண்டியோட்டி வேறு பக்கம் பார்த்துக்கொண்டார்.

அவ்வரியை அம்மச்சி மூன்று முறை வாசிக்கச் சொன்னாள். மூன்றாம் முறை சிறுமி எங்கும் தடுமாறவில்லை.

காவலர் வந்து, வாயில் அடைக்கும் நேரமாகிவிட்டது என்று தெரிவித்தார். மூவரும் இறங்கத் தொடங்கினர். மீதமிருந்த மூன்று கடிதங்களையும் அம்மச்சி பைக்குள் வைத்து, பையைப் பேத்தியிடம் கொடுத்தாள். பாதையோரத்தில் உதிர்ந்து கிடந்த கொல்லாம்பழம் ஒன்றைச் சிறுமி குனிந்து எடுத்து, கடித்துப் பார்த்து, முகத்தைச் சுளித்தாள்.

"உப்பு வேண்டும்" என்றாள் அம்மச்சி.